ஒற்றை ஆளுக்குக் கிளம்பாத வண்டி

ஜூன் 12

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். நானும் அம்மாவும் சுகமாகத்தான் இருக்கிறோம். நீ ஒழுங்காகச் சாப்பிடுகிறாயா, தூங்க இடம் இருக்கிறதா என்பதை முதலில் எழுது. மற்றதெல்லாம் பிறகு.

பட்டறை முகவரி போட்ட உன் சீட்டு தையல் கடைக்கு வந்து சேர்ந்தது. வீட்டுக்கு எழுதாமல் விட்டாயே, அந்த மட்டும் புத்தி இருக்கிறது. போன் பேசவே கூடாது என்று வக்கீல் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். "போன்ல பேசினா நீங்களே அவனைக் கையப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்து ஒப்படைக்கிற மாதிரி" என்றார். ஆகவே இனி நமக்குத் தபால்தான். பள்ளிக்கூடம் விட்ட பிறகு உன் கையெழுத்தை இப்போதுதான் பார்க்கிறேன். கோழி கிளறிய மாதிரி அப்படியே இருக்கிறது.

நீ வண்டியிலிருந்து குதித்து ஆற்றோரமாக ஓடிய அன்று, வெயில் ஏறுவதற்குள் ஸ்டேஷனிலிருந்து ஆட்கள் வந்துவிட்டார்கள். வண்டிப் புத்தகத்தில் என் பெயர் இருக்கிறதே. யார் ஓட்டினது என்று கேட்டார்கள். தம்பிதான் ஓட்டுவான், எங்கே இருக்கிறான் என்று தெரியாது என்றேன். அன்றைக்கு அது உண்மையும்கூட. அனுமதியில்லாமல் மணல் அள்ளியதாக உன் மேல் வழக்குப் போட்டு, வண்டியை மணலோடு ஸ்டேஷன் வளாகத்தில் நிறுத்தியிருக்கிறார்கள். நீ ஓடும்போது எஞ்சினை அணைக்காமல் விட்டதால் அவர்களே ஓட்டிக்கொண்டு போய்விட்டார்கள். அணைத்திருந்தால் இன்னும் ஆற்றிலேயேதான் நிற்கும்.

வீட்டில் லாரியைப் பெரியவர், பெரியவர் என்றே கூப்பிட்டுப் பழகியதில், வக்கீலிடமும் "பெரியவரை எப்பங்க விடுவாங்க?" என்று கேட்டுத் தொலைத்தேன். வீட்டில் யாரோ வயசானவரையும் பிடித்து வைத்திருக்கிறார்கள் என்று அவர் பதறிப் போய் எழுந்துவிட்டார். அந்த வாரத்தில் நான் சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

வண்டியைத் திருப்பிக் கேட்டு கோர்ட்டில் மனு போட வேண்டுமாம். கூடவே நான் ஒரு உறுதிமொழிப் பத்திரம் கொடுக்க வேண்டும். "எனக்குத் தெரியாமல், என் அனுமதியில்லாமல், ஓட்டுநர் தன் இஷ்டத்துக்கு வண்டியை எடுத்துச் சென்றுவிட்டார்" என்று டைப் அடித்துக் கையில் கொடுத்திருக்கிறார். கையெழுத்துப் போட்டால் மறுநாளே மனு உள்ளே போய்விடும் என்கிறார். உன்னை ஒரு வார்த்தை கேட்காமல் எப்படிப் போடுவது என்று வாங்கி வைத்திருக்கிறேன்.

அம்மாவிடம், நீ வண்டியோடு தூர வாடகைக்குப் போயிருக்கிறாய் என்று சொல்லியிருக்கிறேன். நம்பிவிட்டாள். பெரியவர் உருளாமல் சக்கரத்துக்கு அடியில் கொடுக்கும் கட்டை வாசலில் கிடக்கிறதே, அதை உள்ளே எடுத்து வைக்கப் போனேன். "கிடக்கட்டும், வந்தா வேணுமே" என்கிறாள். போகும்போதும் வரும்போதும் அது என் காலில் இடிக்கிறது.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா


ஜூன் 25

அன்பு அக்காவுக்கு,

நான் நன்றாக இருக்கிறேன். பட்டறையிலேயே பின்பக்கம் ஒரு அறை. கூரை இருக்கிறது, கதவும் இருக்கிறது, இரண்டும் ஒன்றுக்கொன்று பொருந்தாது, அவ்வளவுதான். சாப்பாட்டுக்குக் குறைவில்லை. யாரிடமும் வாய் கொடுப்பதில்லை என்பதால் முதலாளி எனக்கு ஊமையன் என்று பெயர் வைத்துவிட்டார். நீ கேட்டால் நம்ப மாட்டாய்.

பத்திரத்தில் கையெழுத்துப் போடு. இதற்கு என்னைக் கேட்டு எழுதினாயே, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. வண்டி அக்காவுடையது, தம்பி திருட்டுத்தனமாக எடுத்துக்கொண்டு போனான். கதை அவ்வளவுதான். நீ அன்றைக்குச் சொன்ன அந்த ஒரு வார்த்தையை நான் மறந்தாயிற்று. நீயும் மறந்துவிடு. வண்டி வந்தால்தான் அடுப்பு எரியும். அத்தான் போன பிறகு அந்த வண்டிதானே நமக்கு அத்தான்.

இப்போது முக்கியமான விஷயம். பேட்டரி ஒயரைக் கழற்றச் சொல். இல்லாவிட்டால் இருக்கிற கொஞ்ச உயிரும் போய்விடும். மணல் பாரம் முழுவதும் ஸ்பிரிங் பட்டை மேல் உட்கார்ந்திருக்கும். முடிந்தால் அச்சுக்கு அடியில் செங்கல் முட்டுக் கொடு. தார்ப்பாய் இடது மூலையில் கிழிந்திருக்கிறது, அந்தப் பக்கம் இழுத்துக் கட்டாதே. டீசல் டேங்க் மூடி போச்சா இருக்கிறதா பார். கண்ணாடிக்குப் பின்னால் என் சீப்பு ஒன்று செருகியிருக்கும். அது இருந்தால் எடுத்து வை.

அம்மா முழங்காலுக்குத் தைலம் தேய்க்கிறாளா? தேய்க்கிறேன் என்று சொன்னால் நம்பாதே, பாட்டிலைத் தூக்கிப் பார்.

தம்பி


ஜூலை 20

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா தைலம் தேய்க்கவில்லை. நீ சொன்ன மாதிரி தூக்கிப் பார்த்தேன், பாட்டில் நிறைய இருந்தது. மற்றபடி நலம்.

பெரியவரைப் போய்ப் பார்த்தேன். வளாகத்தின் கோடியில், பிடிபட்ட இருசக்கர வண்டிகளுக்கும் ஒரு கவிழ்ந்த ஆட்டோவுக்கும் நடுவே நிற்கிறார். வாசலில் நிற்கும் காவலர் முதல் நாள் விரட்டினார், மறுநாள் முறைத்தார், இப்போது "உங்க பெரியவர் பத்திரமா இருக்கார், போய்ப் பார்த்துட்டு வாங்க" என்கிறார். செங்கல் முட்டுக் கொடுத்தேன். பேட்டரி ஒயரைக் கழற்றினேன். டேங்க் மூடி இருக்கிறது, டீசல் இல்லை. சீப்பைக் காணோம். அதைக்கூடவா எடுப்பார்கள்?

மழை பெய்து மணலில் புல் முளைத்திருக்கிறது. ஸ்டேஷன் வாசலில் தண்ணீர் தேங்கினால் அங்கிருந்தே நாலு சட்டி மணலை அள்ளிக் கொட்டிக்கொள்கிறார்கள். அது வழக்குச் சொத்து இல்லையா என்று கேட்டேன். "ஸ்டேஷனுக்குள்ளதான இருக்கு, எங்க போயிடுச்சு?" என்றார் காவலர். நியாயம்தானே.

மனு விஷயமாக, வக்கீலுக்கு வீட்டில் ஏதோ விசேஷம் என்று ஊருக்குப் போயிருந்தார். பிறகு நீதிபதி லீவு என்றார்கள். கோர்ட் காரியம் என்றால் அப்படித்தான் இழுக்கும். நீ அதைப் பற்றிக் கவலைப்படாதே.

சும்மா வீட்டில் உட்கார்ந்திருப்பதற்கு மனசில்லாமல் தையல் கடையில் காஜா எடுத்துக் கொடுக்கப் போகிறேன். பொழுது போகிறது.

அம்மா சாயங்காலமானால் மேட்டுக்கு ஏறிப் போய், பெரியவர் நிற்கும் இடத்தைப் பார்த்துவிட்டு வருகிறாள். எண்ணெய்க் கறை மட்டும்தான் இருக்கிறது அங்கே. "இவ்ளோ நாளா ஒரே வாடகையா?" என்று நேற்றுக் கேட்டாள். ஒன்று முடிந்தால் ஒன்று கிடைக்கிறது என்றேன்.

அக்கா


ஜூலை 30

அக்கா,

எனக்கு ஒன்றும் இல்லை, நன்றாக இருக்கிறேன். உனக்குத்தான் என்னவோ ஆகிவிட்டது.

வக்கீலின் குமாஸ்தாவுக்கு நேற்று ஒரு கடை போனிலிருந்து பேசினேன். பயப்படாதே, என் பெயரைச் சொல்லவில்லை. வக்கீல் எந்த ஊருக்கும் போகவில்லை. நீதிபதி எந்த லீவும் எடுக்கவில்லை. "அந்தம்மா பத்திரத்த வாங்கிட்டுப் போனவங்க இன்னும் கையெழுத்துப் போட்டுத் தரல" என்கிறார் அவர். என்னிடமே கதை விடுகிறாயா? பொழுது போகத்தான் காஜா எடுக்கிறாயாம்! உனக்கு ஊசியில் நூல் கோக்கவே கண் தெரியாது என்று எனக்குத் தெரியாதா?

அக்கா, இதில் மானம் ரோஷம் எதுவும் பார்க்காதே. என் மேல் வழக்கு ஏற்கனவே இருக்கிறது. நீ என்ன எழுதினாலும் அது கூடப் போவதில்லை. ஆனால் உன் பெயரும் உள்ளே போனால் வண்டியும் போய்விடும், வீட்டில் அம்மாவுக்கும் யாரும் இருக்க மாட்டார்கள். யோசித்துப் பார்.

இன்னொன்று. மனு போட்டால் போக்குவரத்து அதிகாரி வந்து வண்டியைச் சோதித்து அறிக்கை கொடுப்பார். அங்கேதான் மாட்டுவோம். பெரியவருக்கு செல்ஃப் ஸ்டார்ட் வேலை செய்யாது, ஹேண்ட் பிரேக்கும் பிடிக்காது. மேட்டில் கட்டை கொடுத்து நிறுத்தி, நான் ஏறி உட்கார்ந்து கியர் போட, நீ கட்டையை உருவ, உருண்டு வரும்போதுதான் கிளம்பும். நம் தெருவுக்கே தெரியும் இது. 'ஒற்றை ஆளாக எப்படித் திருடிக்கொண்டு போனான்' என்று ஒரு கேள்வி கேட்டால் போச்சு. அதனால் அதிகாரி வருவதற்கு முன்னால் நம் மெக்கானிக்கைக் கூட்டிப் போய் செல்ஃபைச் சரி செய்துவிடு. அவர் உன்னிடம் ஒன்றும் கேட்க மாட்டார். அந்தக் காவலர்தான் உனக்குச் சொந்தக்காரர் மாதிரி ஆகிவிட்டாரே, அவரிடம் சொல்லிக்கொள்.

கையெழுத்துப் போட்ட பிறகு எனக்கு எழுது. அதற்கு முன் எழுதாதே.

தம்பி


ஆகஸ்ட் 28

தம்பிக்கு,

நலம். கையெழுத்துப் போட்டுவிட்டேன்.

கோர்ட்டுக்கு எதிரே டைப் அடிக்கும் கடையில், நின்றுகொண்டே போட்டேன். "படிச்சுப் பார்த்துட்டுப் போடுங்க" என்றார் அந்த ஆள். படித்தேன். 'ஓட்டுநர்' என்றுதான் எங்கும் இருக்கிறது, 'தம்பி' என்று ஒரு இடத்திலும் இல்லை. அதுவரைக்கும் நல்லது என்று நினைத்துக்கொண்டேன்.

மெக்கானிக்கும் வந்தார். பானெட்டைத் திறந்தார், பார்த்தார், மூடினார், போய்விட்டார்.

போக்குவரத்து அதிகாரி அடுத்த வாரம் வருகிறார். மனு விசாரணைக்கு வர ஒரு மாதம் ஆகுமாம்.

அம்மாவுக்கு இருமல் கொஞ்சம் இருக்கிறது. கஷாயம் வைத்துக் கொடுக்கிறேன். வேறு செய்தி இல்லை.

அக்கா


செப்டம்பர் 6

அன்பு அக்காவுக்கு,

உன் கடிதம் வந்தது. அப்பாடா! அன்றைக்குத்தான் இங்கே வந்த பிறகு ஒழுங்காகத் தூங்கினேன். முதலாளி வந்து காலால் தட்டி எழுப்பும்படி ஆகிவிட்டது.

மெக்கானிக் திறந்தார், பார்த்தார், மூடினார் என்று எழுதியிருக்கிறாய். அந்த மனுஷன் ஒரு பானெட்டைத் திறந்தால் சாயங்காலம் வரைக்கும் மூட மாட்டாரே. சரி, பாகம் கிடைக்கவில்லை போலிருக்கிறது. அதிகாரி அவ்வளவு நுணுக்கமாகப் பார்க்காமல் இருந்தால் சரி.

பத்திரத்தில் என்னைப் பற்றி வேறு என்ன எழுதியிருக்கிறார் வக்கீல்? குமாஸ்தா 'நம்பிக்கைத் துரோகம்' என்று ஒரு வார்த்தை சொன்னார். கேட்டுவிட்டுச் சிரித்தேன். சின்ன வயதில் உன் பங்கு மிட்டாயைத் தின்றுவிட்டு நாய் தின்றது என்றேனே, அன்றைக்கே நீ என்னைச் சொல்லியிருக்க வேண்டிய வார்த்தை. தாமதமாகச் சொல்லியிருக்கிறாய்.

எழுத்து இந்தத் தடவை இன்னும் மோசமாக இருந்தால் பயந்துவிடாதே. கையில் சின்னக் காயம். ஜாக்கி நழுவியது. இரண்டு விரல்தான், அதுவும் இடது கை. சரியாகிக்கொண்டிருக்கிறது.

வண்டி வந்தவுடன் வேறு ஓட்டுநரைப் போடு. மேட்டுத் தெரு பையன்கள் யாரையும் போடாதே, கிளட்சைத் தேய்த்துவிடுவார்கள். நான் வழக்கு ஆறும் வரை இங்கேயே இருக்கிறேன். வருஷம் இரண்டு வருஷம் போகட்டும். ஊமையனுக்கு என்ன அவசரம்?

அம்மாவுக்குக் கஷாயத்தில் தேன் விட்டுக் கொடு. வெறுமனே கொடுத்தால் செடிக்கு ஊற்றிவிடுவாள்.

தம்பி


அக்டோபர் 3

அன்புள்ள தம்பிக்கு,

அம்மாவுக்கு இருமல் நின்றுவிட்டது. உன் விரல் எப்படி இருக்கிறது? இடது கை விரலில் அடிபட்டால் வலது கை எழுத்து எதற்குக் கெடும்? என்னிடம் ஏன் மறைக்கிறாய்?

முந்தாநாள் மனு விசாரணைக்கு வந்தது. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். முழுதும் படித்துவிட்டுப் பிறகு கோபப்படு.

காலையிலிருந்து வராந்தாவில் உட்கார்ந்திருந்தேன். பெஞ்சில் இடமில்லை, படியில்தான். மத்தியானம் கூப்பிட்டார்கள். நீதிபதி ஒரு அம்மா. என் வயதுதான் இருக்கும். என்னைப் போலவே களைத்துத்தான் தெரிந்தார். நம் வக்கீல் நன்றாகத்தான் பேசினார். வண்டி வெயிலிலும் மழையிலும் மக்குகிறது, இந்தப் பெண்மணிக்கு வேறு பிழைப்பு இல்லை, ஓட்டுநர் செய்த குற்றத்துக்கு உரிமையாளர் என்ன செய்வார் என்றெல்லாம்.

அரசு வக்கீல் எழுந்து, போக்குவரத்து அதிகாரியின் அறிக்கையை எடுத்து வாசித்தார். செல்ஃப் வேலை செய்யவில்லை. ஹேண்ட் பிரேக் பிடிக்கவில்லை. நீ பயந்தது அப்படியே வந்தது. நீதிபதி அம்மா என்னை முன்னால் வரச் சொல்லி, "அப்போ உங்க டிரைவர் எப்படிம்மா தனியா வண்டிய எடுத்துட்டுப் போனாரு?" என்று கேட்டார்.

எனக்குத் தெரியாது என்று சொல்லும்படி வக்கீல் சொல்லிக் கொடுத்திருந்தார். அப்படியே சொல்லியும்விட்டேன். தம்பி, அதோடு முடிந்திருக்கும். நீதிபதியும் குனிந்து எழுத ஆரம்பித்துவிட்டார். ஆனால் அரசு வக்கீல் விடவில்லை. "குடிகாரக் கூட்டம்மா இவங்க. நாலு பேரச் சேர்த்துக்கிட்டு வந்து தள்ளிட்டுப் போயிருப்பான். இந்தம்மாவும் அதுக்கு உடந்தையா இருக்கலாம், இல்ல பயந்துட்டு வாய மூடிட்டு இருக்கலாம்" என்றார்.

என்னை உடந்தை என்றது எனக்கு உறைக்கவே இல்லை. உன்னைக் குடிகாரன் என்றதுதான் சுருக்கென்று இருந்தது. வாய் தானாகத் திறந்துகொண்டது.

"அவன் குடிக்க மாட்டாங்க. நாலு பேரெல்லாம் யாரும் வரல. கட்டைய நான்தான் எடுத்தேன்."

நம் வக்கீல் கையிலிருந்த காகிதங்களை மேஜை மேல் போட்டுவிட்டு என்னைப் பார்த்தார். நீதிபதி, "எந்தக் கட்டைம்மா?" என்றார். அதற்குப் பிறகு நிறுத்தி என்ன பிரயோஜனம்? சொல்லிவிட்டேன். ஆற்றில் மணல் எடுக்க அனுமதி நின்று போய் வண்டி சும்மா நின்றது, கட்டட மேஸ்திரி ஒரு லோடு மணல் கேட்டார், தம்பி வேண்டாம் என்றான், நான்தான் 'ஒரு நடை போயிட்டு வந்துடு' என்றேன். கட்டையை உருவினதும் நான்தான். எல்லாம் சொன்னேன்.

"ஆத்துப் பக்கம்தான வீடு? கிணத்துல தண்ணி இருக்கா?" என்று கேட்டார் நீதிபதி அம்மா.

"மணல் போகப் போகத் தண்ணி கீழ இறங்கிடுச்சு, கயிற நீட்டிக் கட்டியிருக்கோங்க" என்றேன்.

அதையும் அவர் எழுதிக்கொண்டார். பொய்ப் பத்திரம் கொடுத்ததற்கு என் மேல் தனியாகவே நடவடிக்கை எடுக்கலாம் என்று எச்சரித்தார். பிறகு, "இந்த மனுவத் திரும்ப வாங்கிக்குங்க. நடந்தத எழுதி வேற போடுங்க, பார்க்கலாம்" என்று அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்.

வெளியே வந்து வக்கீல் என்னைத் திட்டுவார் என்று பார்த்தேன். நெற்றியைத் தேய்த்துக்கொண்டே, "ஏம்மா, அத முதல்லயே எங்கிட்ட சொல்லக் கூடாதா?" என்றார். அவ்வளவுதான்.

மெக்கானிக் விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். அவர் பாகத்தோடுதான் வந்தார். நான்தான் மூடச் சொன்னேன். அது சரியாகிவிட்டால் நீ திருடன் என்பது சரியாகிவிடும் என்று தோன்றியது. கையெழுத்துப் போட்ட கை வேறு எரிந்துகொண்டே இருந்தது. போ, எனக்கு அதற்கு மேல் விளக்கத் தெரியவில்லை.

உடனே பதில் எழுது.

அக்கா


நவம்பர் 2

தம்பிக்கு,

உன்னிடமிருந்து ஒரு வரியும் இல்லை. தபால்காரர் தையல் கடைப் பக்கம் திரும்பும்போதெல்லாம் ஊசியைக் கையில் குத்திக்கொள்கிறேன்.

கோபமாக இருந்தால் கோபமாகவே எழுது. விரல் சரியாகிவிட்டதா என்பதை மட்டுமாவது எழுது.

என்னையும் உன் வழக்கில் இரண்டாவது குற்றவாளியாகச் சேர்த்துவிட்டார்கள். பயப்படாதே, ஜாமீன் அன்றைக்கே கிடைத்துவிட்டது. தையல்காரரும் மெக்கானிக்கும் வந்து கையெழுத்துப் போட்டார்கள். வாரம் ஒரு நாள் ஸ்டேஷனில் போய்க் கையெழுத்துப் போட வேண்டும். எப்படியும் பெரியவரைப் பார்க்கப் போகிறவள்தானே, வழியோடு போட்டுவிட்டு வருகிறேன். வாசல் காவலர், "என்னம்மா, நீங்களும் உள்ள வந்துட்டீங்க?" என்று நாற்காலியை இழுத்துப் போட்டார்.

உள்ளதை எழுதி வேறு மனு போட்டாயிற்று. இந்தத் தடவை படித்துப் பார்க்காமலே கையெழுத்துப் போட்டேன்.

அம்மாவிடம் நீ வண்டியோடுதான் இருக்கிறாய் என்று இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். வண்டி வந்துவிட்டால் இந்தப் பொய்யும் போய்விடும். அதை நினைத்தால் வராவிட்டாலும் பரவாயில்லை என்றுகூட ஒரு நாள் நினைத்துவிட்டேன்.

எழுது.

அக்கா


நவம்பர் 17

அக்கா,

விரல் சரியாகிவிட்டது. வலது கைதான். நகம் போய்விட்டது, விரல் இருக்கிறது.

உன் இரண்டு கடிதமும் கிடைத்தது. முதல் கடிதத்தைப் படித்த அன்றைக்கு அடுப்பில் போடப் போனேன். போடவில்லை. அதற்குப் பிறகு எழுத உட்காரும்போதெல்லாம் கெட்ட வார்த்தையாகத்தான் வந்தது. அதனால்தான் எழுதவில்லை.

நான் ஏன் ஓடினேன் என்று நீ ஒரு கடிதத்திலும் கேட்கவில்லை. பயந்து ஓடினேன் என்றுதான் நினைத்திருப்பாய். பயம்தான். ஆனால் அடிக்குப் பயம் இல்லை. பிடித்துக்கொண்டு போய் யார் அனுப்பினது என்று கேட்டால், இரண்டு அடிக்குள் உன்னைச் சொல்லிவிடுவேன். எனக்கு என்னைத் தெரியும். சின்ன வயதிலிருந்தே அடி தாங்க மாட்டேன். அதனால் ஓடினேன். இந்த ஓட்டை அறையில், மழையில் ஒழுகின பக்கம் மாற்றி மாற்றிப் படுத்து, பேச வருகிற வாயை மூடிக்கொண்டு ஊமையன் என்று பெயர் வாங்கி, அத்தனையும் உன் பெயர் வெளியே வரக் கூடாது என்றுதான். நீ என்னடா என்றால், யாரோ ஒருத்தன் என்னைக் குடிகாரன் என்றதற்காக நின்ற இடத்தில் எல்லாவற்றையும் கொட்டிவிட்டாய்.

அவன் சொன்னால் சொல்லிவிட்டுப் போகிறான். ஆகட்டும். இனி பேசி என்ன?

சாப்பாடு சரியில்லை இங்கே. நன்றாக இருக்கிறது என்று எழுதியதெல்லாம் பொய். கணக்கு நேராகிவிட்டது என்று வைத்துக்கொள்.

தம்பி


டிசம்பர் 9

அன்புள்ள தம்பிக்கு,

உன் கடிதத்தைத் தையல் கடையிலேயே நின்று படித்துவிட்டேன். அன்றைக்குக் காஜா ஒன்றும் ஒழுங்காக வரவில்லை. தையல்காரர் எல்லாவற்றையும் பிரித்துத் திரும்பப் போட்டார்.

நீ ஏன் ஓடினாய் என்று கேட்க எனக்குத் தைரியம் இல்லை. அதனால்தான் டீசல் மூடியைப் பற்றியும் புல்லைப் பற்றியும் எழுதிக்கொண்டிருந்தேன். இனி அதைப் பற்றிப் பேச வேண்டாம். எனக்கு உடம்பெல்லாம் அலுப்பாக இருக்கிறது.

வண்டி வந்துவிட்டது.

போன வாரம் உத்தரவு ஆயிற்று. வழக்கு முடியும் வரை நம் பொறுப்பில் வைத்துக்கொள்ளலாம். விற்கக் கூடாது, நிறத்தையோ உருவத்தையோ மாற்றக் கூடாது, மறுபடி ஆற்றில் இறக்கக் கூடாது, கோர்ட் கூப்பிடும்போதெல்லாம் கொண்டுவந்து காட்ட வேண்டும். மறுபடி ஆற்றில் இறக்குவதா! நீதிபதி அம்மா சொல்லவே வேண்டாம். செல்ஃபையாவது சரி செய்துகொள்ளலாமா என்று வக்கீலைக் கேட்டேன். என்னிடம் பட்டது போதும் அவருக்கு. "கேஸ் முடியிற வரைக்கும் அதுல ஒரு ஆணியக்கூட மாத்தாதீங்கம்மா" என்று கையெடுத்துக் கும்பிட்டார்.

மணலை இறக்கிக்கொண்டார்கள். மிச்சம் இருந்ததே பாதிதான். அதையும் அவர்களே எழுதிக்கொண்டார்கள், எப்படி எழுதினார்கள் என்று நான் கேட்கவில்லை. சமதளத்தில் வண்டி கிளம்பவில்லை. மெக்கானிக் கேனில் கொண்டுவந்த டீசலை ஊற்றிவிட்டு ஏறி உட்கார்ந்தார். பிடித்து நிறுத்தினவர்களே ஆளுக்கு ஒரு பக்கமாகத் தள்ளினார்கள். வாசல் காவலர் தொப்பியைக் கழற்றி என் கையில் கொடுத்துவிட்டுத் தள்ளினார். மூன்றாவது தள்ளலுக்கு இருமிக்கொண்டு கிளம்பியது. புகை அடங்கிப் பார்த்தால் எல்லார் முகமும் ஒரே நிறமாக இருந்தது.

மேட்டில் கொண்டுவந்து நிறுத்தி, நானே கட்டை கொடுத்தேன். சத்தம் கேட்டு அம்மா வெளியே வந்தாள். முகமெல்லாம் சிரிப்பாக வந்தவள், மெக்கானிக் இறங்குவதைப் பார்த்ததும் நின்றுவிட்டாள். "வண்டி வந்துடுச்சு. ஓட்டிட்டுப் போனவன் எங்கடி?" என்றாள்.

வாசலிலேயே எல்லாவற்றையும் சொன்னேன். நான் அனுப்பினதிலிருந்து, நீ எழுதின கடைசிக் கடிதம் வரைக்கும். அழுவாள் என்று நினைத்தேன். படியில் உட்கார்ந்து முழங்காலைத் தடவிக்கொண்டே கேட்டாள். கடைசியில், "அடிதான வாங்கணும்? வீட்டுக்கு வந்து சாப்பிட்டுட்டுப் போய் வாங்கட்டும். எழுது அவனுக்கு" என்றாள்.

அம்மா சொன்னதால் எழுதுகிறேன். நானும் சொல்கிறேன். வக்கீலிடம் கேட்டேன். இனி யார் அனுப்பினது என்று உன்னை அடித்துக் கேட்க யாருக்கும் தேவையில்லை, அது கோர்ட்டு காகிதத்திலேயே ஏறிவிட்டது. நீயே வந்து நேராகக் கோர்ட்டில் ஆஜரானால் நல்லது, அன்றைக்கே ஜாமீன் கேட்கிறேன், கிடைக்கும் என்றுதான் நினைக்கிறேன் என்கிறார். கிடைக்காமலும் போகலாம். உன்னிடம் இனிப் பொய் சொல்வதாக இல்லை. அபராதமோ தண்டனையோ, இரண்டு பேருக்கும் சேர்த்துத்தான் வரும்.

அடுத்த வாய்தா இருபதாம் தேதி, வெள்ளிக்கிழமை. வண்டியைக் கொண்டுவந்து காட்டச் சொல்லியிருக்கிறார்கள். மெக்கானிக் அன்றைக்கு ஊரில் இருக்க மாட்டார். வேறு ஓட்டுநரைப் போடு என்று எழுதியிருந்தாய். போடவில்லை.

உன் வழியைப் பார்த்துக்கொண்டு,
அக்கா


டிசம்பர் 14

அன்பு அக்காவுக்கும் அம்மாவுக்கும்,

நலம். இந்தத் தடவை உண்மையிலேயே.

முதலாளியிடம் சொல்லிவிட்டேன். நான் இத்தனை வார்த்தை சேர்ந்தாற்போல் பேசியதைக் கேட்டு அவர் உட்கார்ந்துவிட்டார். வியாழக்கிழமை சாயங்காலம் வந்துவிடுவேன். எனக்கும் சேர்த்து உலை வை.

வெள்ளிக்கிழமை கோர்ட்டுக்கு வண்டியையும் காட்ட வேண்டும், என்னையும் காட்ட வேண்டும். இரண்டுக்கும் தனித்தனியாக அலைவானேன்? பெரியவரிலேயே போய்விடலாம். ஒரு நடைதானே.

நான் ஏறி உட்கார்ந்து குரல் கொடுக்கிறேன். கட்டையை நீ எடு.

தம்பி